ஜீவனாம்சம் தர முன்வந்த மனைவி

மரக்காணத்தில் இன்றும் பாத்தி கட்டி விளைவிக்கும் உப்புக்கு அன்று வெள்ளையர் வரி விதித்தார்கள். 1930-இல் வேதாரண்யத்தில் அதை எதிர்த்து ருக்மிணி லட்சுமிபதி சிறை சென்றார். பெண்ணின் அந்தத் துணிவு 1939-இல் திரைக்கும் வந்தது: கல்கியின் கதை, கே. சுப்பிரமணியம் இயக்கிய ‘தியாக பூமி’.

கிராமத்துச் சம்பு சாஸ்திரியின் மகள் சாவித்திரி. மேல்நாட்டு மோகம் கொண்ட கணவன் ஸ்ரீதரன் அவளை ஒதுக்கிவிடுகிறான். பின்னாளில் செல்வச் சீமாட்டி உமாராணியாக அவள் திரும்பியதும், சேர்ந்து வாழக் கோரி வழக்குத் தொடுக்கிறான். நாகரிகம் பேசியவன் கேட்பது பழைய கணவன் உரிமையை! அவளோ, வாழ வரமாட்டேன், வேண்டுமானால் ஜீவனாம்சம் தருகிறேன் என்கிறாள். அந்த நீதிமன்றக் காட்சிதான் படத்தின் உயிர்.

சாவித்திரியாக எஸ்.டி. சுப்புலட்சுமியும் தந்தையாகப் பாபநாசம் சிவனும் நடித்தார்கள். தேசிய உணர்வைப் பரப்பிய இப்படத்தை ஆங்கில அரசு தடை செய்தது.