வக்கீல் நோட்டீஸும் ராஜி மனுவும்

பிழைப்புத் தேடி வந்த ஊரில் நம்மவர் முதலில் தொடங்குவது பெரும்பாலும் ஒரு மெஸ். இல்லாவிட்டால் அப்பளம், ஊறுகாய், காபிப்பொடி வியாபாரம். சொந்த ஊரின் பெயரையோ குலதெய்வத்தின் பெயரையோ பலகையில் எழுதிவிடுகிறோம். பத்து வருடம் கழித்து, வியாபாரம் சூடு பிடித்த நேரத்தில், 'இந்தப் பெயர் எங்களுடையது' என்று தபாலில் ஒரு வக்கீல் நோட்டீஸ் வந்தால்? அன்றிரவு வீட்டில் யாருக்கும் சாப்பாடு இறங்காது.

சாமி பெயர் யாருக்குச் சொந்தம் என்று கேட்கலாம். மூக்குப்பொடிக்கு 'ஸ்ரீ ஆண்டாள்' என்ற சொற்கள் அடங்கிய பெயரைப் பதிவு செய்ய ஒருவர் விண்ணப்பித்தபோது, 'ஸ்ரீ அம்பாள்' பொடிக்காரர்கள் ஆட்சேபித்தார்கள். விவகாரம் சுப்ரீம் கோர்ட் வரை போயிற்று. பொருள் வேறானாலும் காதில் விழும் ஒலி ஒத்திருக்கிறது என்று 1969-இல் ஆண்டாள் தரப்புக்கு எதிராகத் தீர்ப்பாயிற்று.

பெயருக்கு டிரேட் மார்க் சட்டம். டப்பாவின் மேல் உள்ள படத்துக்கும் லேபிளுக்கும் காப்பிரைட் சட்டம். இரண்டையும் சேர்த்தே வழக்குப் போடுவது வழக்கம். வாதி தாம் வியாபாரம் செய்யும் ஊர்க் கோர்ட்டிலேயே வழக்குத் தொடரவும் இச்சட்டங்கள் இடம் தருகின்றன. ஆகவே நாம் ஓர் ஊரிலும் வாய்தா வேறோர் ஊரிலுமாக அலைய நேரிடலாம். கோர்ட் நியமித்த கமிஷனர் கடைக்கே வந்து சரக்கைச் சீல் வைப்பதும் உண்டு.

இந்த இடத்தில்தான் ராஜி கைகொடுக்கிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆவது ஆணை, 3-ஆவது விதிப்படி, இரு தரப்பும் எழுதிக் கையெழுத்திட்ட சமரசத்தைக் கோர்ட்டில் தாக்கல் செய்யலாம். அது சட்டத்துக்கு உட்பட்டதுதானா என்று நீதிபதி பார்த்துத் திருப்தி அடைந்த பிறகு, அதன்படியே டிகிரி வழங்குவார். சமரசம் பேசிவைக்க மத்தியஸ்த மையங்களும் இருக்கின்றன. டெல்லி உயர் நீதிமன்றத்தின் 'சமாதான்' 2006-இல் தொடங்கியது.

ராஜியில் என்ன இருக்கும்? பிரதிவாதி அந்தப் பெயரை இனிப் பயன்படுத்துவதில்லை என்று உறுதி கூறுவார். பழைய லேபிள்களை அழிக்கவோ ஒப்படைக்கவோ வேண்டும். கையிருப்புச் சரக்கை விற்றுத் தீர்க்கக் கெடு கேட்கலாம். பதிலுக்கு வாதி நஷ்டஈட்டை விட்டுக்கொடுக்கலாம் அல்லது குறைக்கலாம். பெயருடன் ஓர் அடைமொழி சேர்த்தோ, லேபிளின் நிறத்தை மாற்றியோ இருவரும் தொழில் நடத்த ஒப்புக்கொள்வதும் உண்டு.

இன்னொரு லாபம், கோர்ட் கட்டணம். அந்தந்த மாநிலச் சட்டத்துக்கு உட்பட்டு அது திரும்பக் கிடைக்கும். சென்னையிலிருந்து போன ஒரு வழக்கில், தரப்பினர் தாங்களாகவே வெளியில் பேசி முடித்தாலும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட் 2021-இல் சொன்னது.

ஆனால் ராஜி டிகிரியை வெறும் காகிதம் என்று எண்ணிவிடக் கூடாது. சம்மதித்துப் பெற்ற டிகிரி மீது அப்பீல் கிடையாது. 'அந்தச் சமரசமே செல்லாது' என்று தனி வழக்கும் போட முடியாது. அதே கோர்ட்டில்தான் முறையிட வேண்டும். வாக்கை மீறினால் சொத்து ஜப்தி, சிவில் சிறை வரை போகும். போலீஸ் வழக்கும் இருந்தால், இந்த ராஜியால் அது தானாக முடிந்துவிடாது. அதைத் தனியே பேசிக்கொள்ள வேண்டும்.

பயத்தில் உடனே கையெழுத்துப் போட்டுவிடவும் வேண்டாம். எதிராளி அந்தப் பெயரைப் பயன்படுத்தத் தொடங்கியதற்கும் பதிவு செய்ததற்கும் முன்பிருந்தே நாம் அதைத் தொடர்ந்து பயன்படுத்தி வந்திருந்தால், டிரேட் மார்க் சட்டத்தின் 34-ஆவது பிரிவு நம்மைக் காக்கும். அதற்குச் சாட்சி பழைய பில் புத்தகமும், முதல் லைசென்ஸும், அந்தக் காலத்து நோட்டீஸும்தான். வீடு மாற்றும்போது அவற்றைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள். அந்தக் கட்டு கையில் இருந்தால், ராஜி பேச உட்காரும்போது நம் குரலுக்கும் மதிப்பு இருக்கும்.