திரும்பிப் போக மறுத்த வயலின் கலைஞர்

1928ஆம் ஆண்டில் பதிவான ஒரு இசைத்தட்டை இணையத்தில் கேட்டுக்கொண்டிருந்தேன். பாக் எழுதிய, இரண்டு வயலின்களுக்கான இசை. பழைய தட்டுக்கே உரிய இரைச்சலுக்கு நடுவே ஒரு வயலின் தொடங்க, மற்றையது பின்தொடர்கிறது. ஒன்றை வாசித்தவர் தந்தை ஆர்னோல்ட் ரோசே, மற்றையதை வாசித்தவர் மகள் அல்மா. அவர் அறுபதுகளின் நடுப்பகுதியில் இருந்தார், மகளுக்கு இருபதைச் சற்றே தாண்டிய வயது. பத்து ஆண்டுகள் கழித்து அந்தக் குடும்பத்துக்கு என்ன நடந்தது என்று தேடியபோது, எங்களுக்கும் பழக்கமான ஒரு கேள்வியில் வந்து நின்றேன்.

ரோசே 1863இல் ருமேனியாவின் யாஷ் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். 1881இல், பதினேழு வயதிலேயே, வியன்னா அரசவை ஒபரா இசைக்குழுவின் முதல் வயலின் தலைவரானார். அந்தக் குழுவின் கலைஞர்களே வியன்னா பில்ஹார்மோனிக் என்ற பெயரிலும் வாசிப்பவர்கள்.

முதல் வயலின் தலைவர் என்பது வெறும் பட்டம் அல்ல. நடத்துநருக்கு மிக அருகில் உள்ள இருக்கை அவருடையது. எந்தச் சுரத்தில் வில்லை மேலே இழுப்பது, எதில் கீழே இழுப்பது என்பதை அவரே தீர்மானிப்பார். இருபது, முப்பது வயலின்கள் ஒரே வில்லாக அசைவது அதனால்தான். தனி வயலின் வரும் இடங்களையும் அவரே வாசிப்பார். நடத்துநர்கள் வருவார்கள், போவார்கள். குழுவின் ஒலி அந்த முதல் இருக்கையில் தங்கியிருக்கும். ரோசே அதில் ஏறத்தாழ 57 ஆண்டுகள் இருந்தார்.

இசையமைப்பாளர் குஸ்தாவ் மாலரின் தங்கை ஜுஸ்தினாவை அவர் 1902இல் மணந்தார். தன் பெயரிலேயே நால்வர் குழு ஒன்றையும் நடத்தினார். ஷோன்பெர்க்கின் புதிய படைப்புகளுக்கு ரசிகர்கள் கூச்சலிட்டு எதிர்ப்புக் காட்டிய காலத்தில், அவற்றைத் துணிந்து மேடையேற்றியது அந்தக் குழுதான்.

1938

1938 ஜனவரி 16 அன்று புரூனோ வால்டர் நடத்த, மாலரின் ஒன்பதாவது சிம்பொனியை இசைக்குழு வாசித்தது. முதல் இருக்கையில் ரோசே இருந்தார். அந்தக் கச்சேரியின் ஒலிப்பதிவு இன்றும் உண்டு. எட்டு வாரங்களில் ஹிட்லரின் படை ஒஸ்திரியாவுக்குள் நுழைந்தது. யூதக் கலைஞர்கள் வெளியேற்றப்பட்டார்கள். அரை நூற்றாண்டுக்கு மேல் அந்த மேடையில் இருந்தவருக்கும் விதிவிலக்கு இருக்கவில்லை. அதே ஆண்டு ஓகஸ்டில் மனைவி இறந்தார். 1939இல் அவர் லண்டனுக்கு அகதியாகப் போனார். மகன் அல்பிரெட் வட அமெரிக்காவுக்குப் போனார்.

லண்டனில் பணமுடை. தகப்பனுக்கு உழைத்துக் கொடுப்பதற்காக அல்மா நெதர்லாந்துக்குக் கச்சேரி வாசிக்கப் போனார். 1940 மேயில் ஜேர்மன் படை அங்கும் வந்தது. தப்பியோடும் வழியில் பிரான்ஸில் பிடிபட்டார். 1943 யூலையில் அவுஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார்.

அங்கே பெண் கைதிகளின் இசைக்குழு ஒன்று அவர் பொறுப்பில் விடப்பட்டது. காலையிலும் மாலையிலும், கைதிகள் வேலைக்குப் போகும்போதும் திரும்பும்போதும் முகாம் வாசலில் அவர்கள் வாசிக்கவேண்டும். அல்மா மிகக் கண்டிப்பாக ஒத்திகை வைத்தார். நன்றாக வாசித்தால்தான் குழு நிலைக்கும், குழு நிலைத்தால்தான் பெண்கள் உயிரோடு இருப்பார்கள் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. அந்தக் கண்டிப்பே தங்களைக் காப்பாற்றியது என்று உயிர்தப்பியவர்கள் பின்னர் சொன்னார்கள். அல்மா தப்பவில்லை. 1944 ஏப்ரலில் திடீர் நோயால் முகாமிலேயே இறந்தார். ரோசேயின் அண்ணன், செலோ கலைஞர் எடுவார்ட், அதற்கு முன்பே தெரேசியன்ஸ்டாட் முகாமில் இறந்திருந்தார்.

வந்த அழைப்பு

போர் முடிந்தபின் வியன்னாவிலிருந்து அழைப்பு வந்தது, பழைய இருக்கைக்குத் திரும்பி வரும்படி. ரோசே மறுத்தார். நாஜிகள் இன்னும் அந்தக் குழுவில் இருக்கிறார்கள் என்பதே அவர் சொன்ன காரணம். 1946 ஓகஸ்டில் லண்டனில் காலமானார்.

அவர் மிகைப்படுத்தவில்லை. 1942இல் குழுவில் இருந்த 123 பேரில் 60 பேர் நாஜிக் கட்சியினர். எஸ்.எஸ். படையில் இருந்த ஹெல்முட் வோபிஷ் என்ற ட்ரம்பெட் கலைஞர் போருக்குப் பின் நீக்கப்பட்டாலும், பின்னர் மீண்டும் சேர்க்கப்பட்டுக் குழுவின் நிர்வாகப் பொறுப்புக்கே உயர்ந்தார். சுயாதீன வரலாற்றாசிரியர்கள் ஆவணங்களை ஆராய்ந்து எழுதியவற்றைக் குழு தன் இணையத்தளத்தில் வெளியிட்டது 2013இல்தான். வெளியேற்றம் நடந்து 75 ஆண்டுகளுக்குப் பிறகு.

மீள்குடியேற்றம் பற்றி எழுதப் போகும் இடங்களிலெல்லாம் "ஊருக்குத் திரும்பிப் போனீர்களா?" என்று நானும் கேட்டிருக்கிறேன். கேள்வி எளிதானது. காணி விடுபட்டதா, வீட்டுத்திட்டம் கிடைத்ததா என்று படிவத்தில் கோடிட்டு நிரப்பலாம். ரோசேக்கும் அப்படித்தான் ஒரு கதிரை தயாராக இருந்தது. பக்கத்துக் கதிரையில் யார் இருக்கிறார்கள், நடந்ததற்கு யார் பதில் சொன்னார்கள் என்பது அந்தப் படிவத்தில் இல்லை.

இரண்டு வரலாறுகளையும் சமன்படுத்துவது என் நோக்கமல்ல. ஆனால், கிளிநொச்சியில் 2017 பெப்ரவரியில் பிள்ளைகளைத் தேடித் தெருவோரம் அமர்ந்த தாய்மார் இழப்பீட்டுக்காக அமரவில்லை. பதிலுக்காக அமர்ந்தார்கள். அவர்களில் பலர் பதில் கிடைக்காமலே இறந்துபோனார்கள். வியன்னாவில் ஏட்டைத் திறக்க 75 ஆண்டுகள் எடுத்தன. திறந்தபோது கேட்க ரோசே இருக்கவில்லை. தாமதத்தின் விலை அதுதான்.