இறைச்சிக்கும் மாவுக்கும் நடுவே

பிரான்சின் லியோன் நகரத்து இறைச்சிப் பண்டக் கடைகளில், சாசேஜ்களுக்கும் ஹாம் துண்டுகளுக்கும் பக்கத்தில் பொன்னிறமான ஒரு நீளப் பெட்டி வைத்திருப்பார்கள். ரொட்டி என்று நினைத்தால் ஏமாந்தோம். ரம்பப் பல் கத்தியால் விரல் கனத்துக்கு ஒரு துண்டு அறுத்துத் தட்டில் படுக்க வைத்த பிறகுதான் உள்ளிருக்கும் சங்கதி தெரியும். நான்கு பக்கமும் பழுப்பு நிற மாவுச் சட்டம். அதற்குள் வெளிர் ரோஜா நிறத்தில் அரைத்த இறைச்சி. நடுநடுவே பச்சைப் பிஸ்தா, கறுப்புக் காளான், அரைக்காமல் முழுசாகவே பதித்த வாத்துக்கறி. மேல்மூடிக்கும் இறைச்சிக்கும் இடையில் தேன் நிறத்தில் ஒளி ஊடுருவும் ஜெல்லி அடுக்கு. சூடாக்காமல் குளிர்ந்தபடியே, காடியில் ஊறிய குட்டி வெள்ளரிப் பிஞ்சைக் கடித்துக்கொண்டு சாப்பிடுகிறார்கள்.

பாத்தே ஆன் க்ரூத் என்று பிரான்ஸ் முழுக்கச் சொல்வதை லியோன்காரர்கள் சுருக்கி பாத்தே-க்ரூத் ஆக்கிவிட்டார்கள். இதற்கென்று ஓர் உலகப் போட்டியே நடக்கிறது. கொத்துக்கறியை மாவில் பொதிந்து சுடுவதில் அப்படி என்ன வித்தை என்று கேட்கத் தோன்றும். எனக்கும் தோன்றியது. செய்முறையைப் பக்கம் பக்கமாகப் படித்துப் பார்த்தால், இதில் சமையலை விடக் கட்டடக்கலை அதிகம்.

சிக்கல் இரண்டு. வேகும்போது இறைச்சி சுருங்கும். மாவு சுருங்காமல் நின்ற இடத்திலேயே இறுகிவிடும். ஆக, மூடிக்கு அடியில் ஓர் இடைவெளி விழுந்தே தீரும். இரண்டாவது, சுருங்குகிற இறைச்சி சாறு விடும். அந்தச் சாற்றை மாவு குடிக்கும். வெளியே மொறுமொறுப்பாகச் சிவந்த மாவு உள்பக்கம் களியாகக் கிடக்கும். இந்த இடைவெளியையும் ஈரத்தையும் என்ன செய்வது என்பதுதான் பல தலைமுறைச் சமையற்காரர்களின் தலைவலி. மற்றதெல்லாம் அலங்காரம்.

ஆரம்பத்தில் இந்தத் தலைவலி யாருக்கும் இருந்திருக்காது. இடைக்கால ஐரோப்பாவில் மாவு ஓடு என்பது பெரும்பாலும் பாத்திரம். உள்ளே இருக்கும் கறி காயாமல் வேக வேண்டும், வெந்தபின் காற்றுப் படாமல் சில நாள் தாங்க வேண்டும், பயணத்தில் கொண்டுபோக வசதியாக இருக்க வேண்டும். அதற்காகக் கனமாகத் தட்டிய முரட்டு மாவு போதும். ஓட்டை உடைத்து உள்ளே இருப்பதைச் சாப்பிடுவது வழக்கம். ஓடு சுவையாக இருக்க வேண்டும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. இன்று கேக்கும் க்ரீமும் விற்கிற பிரெஞ்சுப் பேஸ்ட்ரிக்காரர்களின் முன்னோர் அந்தக் காலத்தில் பிழைத்தது இறைச்சி, மீன், பாலாடைக்கட்டி அடைத்த பண்டங்களால்தான். இனிப்பு பின்னால் வந்தது.

ஓடும் தின்னத்தக்கதாக வேண்டும் என்ற ஆசை வந்த பிறகு ஊருக்கு ஒரு பாத்தே கிளம்பியது. ஆமியேனில் வாத்து, ஷார்த்ரில் காட்டுப்பறவை. ஸ்ட்ராஸ்பர்கில், 1780 வாக்கில், அல்சாஸ் ஆளுநர் மார்ஷல் கோன்தாதின் சமையற்காரர் ஜான்-பியர் குளோஸ் கொழுத்த வாத்து ஈரலை மாவுக்குள் வைத்து அனுப்ப, அது பதினாறாம் லூயியின் மேஜை வரை போனதாகச் சொல்வார்கள். அரண்மனைக் கதைகளை எடைபோட்டுத்தான் நம்ப வேண்டும். ஆனால் ஸ்ட்ராஸ்பர்க் ஈரல் பாத்தேக்கு அதன்பிறகு கிடைத்த பெயரில் சந்தேகமில்லை.

எல்லாவற்றிலும் பெரியது ‘அழகி ஓரோரின் தலையணை’. சுவையைப் பற்றி எழுதியே புகழ்பெற்ற பிரியா-சவரனின் தாயார் பெயர் கிளோதின்-ஓரோர் ரெக்காமியே. அவர் பெயரில், தலையணை வடிவில், சதுரமாகச் செய்யும் பாத்தே இது. பிரியா-சவரனின் சொந்த ஊரான பெல்லேயில் வழக்கறிஞராக இருந்த லூசியன் தாந்த்ரே 1892இல் வெளியிட்ட சமையல் நூலால் இது பிரபலமானது. கன்று, பன்றி, கௌதாரி, வாத்து, முயல், கோழி ஈரல், டிரஃபிள் காளான் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக ஊறவைத்து, தனித்தனி அடுக்காகப் போட வேண்டும். லியோனின் ரெனோன் போன்ற பழைய கடைகள் குளிர்கால வேட்டைப் பருவத்தை ஒட்டி, கிறிஸ்துமஸ் சமயத்தில் இதைச் செய்து துண்டுபோட்டு விற்கின்றன. ஒரே கடியில் இத்தனை விலங்கும் பறவையும் தேவையா என்பது வேறு விஷயம். எனக்கென்னவோ இரண்டு இறைச்சிக்கு மேல் போனால் எதன் ருசி எது என்று நாக்கு தடுமாறும் என்றுதான் படுகிறது.

வேலைக்கு வருவோம். மூன்று நாள் வேலை.

முதல் நாள் மாவும் ஊறலும். அரைக் கிலோ மைதாவுக்குக் கால் கிலோ வெண்ணெய், பத்து கிராம் உப்பு, ஒரு முட்டை, கொஞ்சம் தண்ணீர், ஒரு கரண்டி வினிகர். வெண்ணெயில் பாதிக்குப் பதில் பன்றிக்கொழுப்புச் சேர்ப்பவர்களும் உண்டு. இதை சப்பாத்தி மாவாக அடித்துப் பிசையக் கூடாது. உதிரியாகச் சேர்ந்து வந்ததும் நிறுத்திவிட வேண்டும். அதிகம் பிசைந்தால் மாவில் இழுவை ஏறி, அச்சுக்குள் போட்டதும் சுருண்டு மேலேறும். இரவு முழுக்கக் குளிர்பெட்டியில் கிடந்தால் அந்த இழுவை தளரும்.

பூரணத்துக்குப் பன்றியின் தோள்கறியும் கழுத்துக்கறியும் வழக்கம். கழுத்துக்கறியில் கொழுப்பு அதிகம். மொத்தக் கலவையில் மூன்றில் ஒரு பங்கு கொழுப்பு இருந்தால்தான் ஆறிய பிறகு வாயில் வறண்டு நிற்காது. கூடவே கன்றுக்கறி, கோழி ஈரல். பன்றி வேண்டாதவர்கள் கோழியிலும் வாத்திலும் செய்கிறார்கள். கொழுப்புக் கணக்கை மட்டும் விட்டுவிடக் கூடாது. ஒரு கிலோவுக்கு 15 முதல் 18 கிராம் உப்பு, பிறகு மிளகு, ஜாதிக்காய், கிராம்பு, சுக்கு. நம் அஞ்சறைப்பெட்டிச் சரக்கேதான், அளவு மட்டும் சிட்டிகைக் கணக்கு. கொஞ்சம் கோன்யாக் அல்லது போர்ட் ஒயின் தெளித்து ஓர் இரவு ஊறும்.

இரண்டாம் நாள் அரைப்பது. கறியும் சில்லிட்டிருக்க வேண்டும், அரைக்கும் எந்திரத்தின் தகடும் சில்லிட்டிருக்க வேண்டும். ஒரு பங்கை நைசாகவும் ஒரு பங்கைப் பெரும்பருக்கையாகவும் அரைத்து, முட்டை சேர்த்துக் கையால் அழுத்திக் கலக்குகிறார்கள். முதல் இரண்டு நிமிடம் அது வெறும் கொத்துக்கறி, விரலிடுக்கில் உதிரும். பிறகு திடீரென்று குணம் மாறி உள்ளங்கையில் ஒட்டத் தொடங்கும். கையைக் கவிழ்த்தாலும் விழாது. உப்பு தசைப்புரதத்தைக் கரைத்து வெளியே இழுத்துவிட்டது என்று அர்த்தம். அந்தப் புரதம்தான் வேகும்போது கொழுப்பையும் நீரையும் பிடித்துவைக்கும் வலை. இந்த இடத்தில் கலவை சூடாகிவிட்டால் கொழுப்பு இளகிப் பிரிந்து, வெந்ததும் எண்ணெயாக ஓடும், மிஞ்சுவது மரத்தூள். சாறு விடும் சிக்கலுக்குப் பாதித் தீர்வு அடுப்புக்குப் போகும் முன்பே, இந்தப் பிசைவில் முடிந்துவிடுகிறது.

அச்சு உயரமாக, ஒடுக்கமாக இருக்கும். பக்கத் தகடுகளைக் கழற்றிவிடலாம். வெண்ணெய் தடவி, மூன்று நான்கு மில்லிமீட்டர் கனத்துக்குத் தேய்த்த மாவை உள்ளே இறக்கி, மூலைகளில் மாவு உருண்டையாலேயே ஒற்றி அழுத்துவார்கள். விரலால் குத்தினால் அங்கே மாவு மெலிந்துபோகும். மெலிந்த இடத்தில் பின்னால் ஓட்டை விழும். பூரணத்தைக் காற்று தங்காமல் அடைத்து, மேலே மாவு மூடி போட்டு, சோமாசி ஓரம் மடிப்பதுபோல இரண்டையும் சேர்த்து நெரித்துவிட வேண்டும். இதற்கென்று பல்வைத்த சிறு இடுக்கியும் உண்டு. மூடியில் ஒன்றிரண்டு துளை போட்டு, அலுமினியத் தாளைச் சுருட்டிப் புகைபோக்கியாக நட்டுவைப்பார்கள். ஆவி போக வழியில்லாவிட்டால் அது பக்கச் சுவரைப் பிளந்துகொண்டு வெளியேறும். மிஞ்சிய மாவில் இலையும் பூவும் வெட்டி ஒட்டி, முட்டை மஞ்சள் கருவை இரண்டு தடவை பூசினால் அடுப்புக்குத் தயார்.

முதல் கால் மணி நேரம் 210 டிகிரி. மாவு சாற்றைக் குடிப்பதற்குள் இறுகிவிட வேண்டும். பிறகு 170க்கு இறக்கி நிதானமாக வேகவிட வேண்டும். எப்போது எடுப்பது என்பதைக் கடிகாரத்தைக் கேட்காமல் புகைபோக்கி வழியே வெப்பமானி ஊசியை விட்டுக் கேட்க வேண்டும். பிரெஞ்சுச் சமையற்காரர்கள் பலர் சாறு குறையாமலிருக்க 70 டிகிரிக்கும் கீழேயே எடுத்துவிடுகிறார்கள். அரைத்த பன்றிக்கு 71, கோழி சேர்ந்தால் 74 என்பது அமெரிக்க வேளாண்துறையின் அளவு. வீட்டில் செய்பவர்கள் இதையே பிடித்துக்கொள்வது நல்லது. அரைத்த கறியில் கிருமி மேற்பரப்போடு நிற்பதில்லை, உள்ளே முழுக்கக் கலந்திருக்கும்.

வெந்து ஆறியதும் அந்த இடைவெளி தெரியும். மூடியை விரலால் தட்டினால் ‘டொக்’ என்று வெற்றொலி. இதை மறைக்க வழியில்லை என்று கண்டவர்கள், இதையே உணவின் சிறந்த பாகமாக்கிவிட்டார்கள். கன்றின் காலையும் பன்றிக்காலையும் மணிக்கணக்கில் கொதிக்கவைத்து, முட்டை வெள்ளைக்கருவால் தெளியவைத்து, போர்ட் ஒயின் வாசனை ஏற்றிய சாறு, புகைபோக்கி வழியாக உள்ளே போகிறது. சூடாக ஊற்றினால் மாவு ஊறும். ரொம்ப ஆறினால் வழியிலேயே உறைந்து அடைத்துக்கொள்ளும். கை பொறுக்கும் சூட்டுக்கும் கீழே, ஆனால் இன்னும் ஓடுகிற பதத்தில், கொஞ்சம் ஊற்றிப் பொறுத்திருந்து மறுபடி கொஞ்சம். எங்காவது ஓட்டை இருந்தால் இப்போது அடியில் கசியும். அனுபவசாலிகள் பதறாமல் குளிர்ந்த வெண்ணெயை அந்த இடத்தில் அப்பி அடைத்துவிட்டு, ஜெல்லி உறைந்ததும் சுரண்டி எடுத்துவிடுவார்கள். அப்புறம் ஒரு முழு நாள் குளிரில். மூன்றாம் நாள்தான் கத்தி. இந்த ஜெல்லி நம் உடல் வெப்பத்திலேயே இளகக்கூடியது. வாய்க்குள் போனதும் மறுபடி சாறாகி இறைச்சியை நனைக்கிறது.

இங்கிலாந்தின் மெல்டன் மோப்ரே ஊர்க்காரர்கள் இதே சிக்கலுக்கு வேறு வழி கண்டார்கள். கொதிநீரில் பன்றிக்கொழுப்பை உருக்கி மாவில் ஊற்றிச் சூட்டோடு பிசைகிறார்கள். அந்த மாவு களிமண் பதத்துக்கு வளையும். மர உருளையைச் சுற்றி அதை மேலே இழுத்துக் கிண்ணமாக்கி, உருளையை உருவிவிட்டு, பொடியாக நறுக்கிய பன்றிக்கறியை வைத்து மூடி, அச்சே இல்லாமல் அடுப்பில் வைத்துவிடுகிறார்கள். தாங்க ஆளில்லாத சுவர் வேகும்போது தொந்தி தள்ளும். அந்தத் தொந்திதான் அசல் என்பதற்கு அடையாளம். நிறமேற்றும் பதப்படுத்தல் உப்பு சேர்ப்பதில்லை என்பதால் உள்ளே இறைச்சி சாம்பல் நிறத்தில் இருக்கும். பக்கத்திலேயே ஸ்டில்டன் பாலாடைக்கட்டி செய்யும் ஊர்கள். அங்கே மிஞ்சிய மோர்த்தண்ணீரைக் குடித்துப் பன்றிகள் கொழுத்தன. குதிரையேறி நரிவேட்டைக்கு வந்தவர்கள் சட்டைப்பையில் போட்டுக்கொண்டுபோக, பெயர் லண்டன் வரை பரவியது. 2009இல் ஐரோப்பிய ஒன்றியத்தின் புவிசார் பாதுகாப்பும் கிடைத்தது. கண்ணுக்கு அழகில்லைதான். ஆனால் பிரெஞ்சுப் பாத்தேயை விட இதற்குத்தான் எளிமையின் துணிச்சல் அதிகம்.

அதே 2009இல்தான் ரோன் நதிக்கரையில் உள்ள தேன்-லெர்மிதாஜ் ஊரில் நண்பர்கள் சிலர் பாத்தே-க்ரூத் போட்டியைத் தொடங்கினார்கள். சூப்பர் மார்க்கெட்டில் பிளாஸ்டிக் உறையில் தொங்கும் சவசவத்த பண்டமாகப் பலர் மனதில் இது தேய்ந்துபோயிருந்த காலம் அது. போட்டி வளர்ந்து உலகப் போட்டியானது. 2015இல் பிரஸ்ஸல்ஸில் சமைக்கும் கரென் தோரோசியன் வென்றார். 2017இல் சிக்காரா யோஷிதோமி, 2019இல் ஒஸாமு ட்சுகமோட்டோ என்று ஜப்பானியர்கள் வந்து பட்டத்தை அள்ளிக்கொண்டு போனார்கள். வெளித்தோற்றம், அறுத்த துண்டின் முகம், மாவின் வேக்காடு, ஜெல்லி, ருசி எல்லாவற்றுக்கும் மதிப்பெண் உண்டு.

போட்டி இந்தப் பண்டத்தைக் காப்பாற்றியது. கொஞ்சம் கெடுக்கவும் செய்கிறது. துண்டின் முகத்தில் சதுரங்கக் கட்டமும் மலரும் தெரியும்படி இறைச்சியைக் கட்டம் கட்டமாக அடுக்கிப் படம் எடுத்துப் போடுகிற மோகம் பரவியிருக்கிறது. சதுரம் சதுரமாக வெட்டிய கறி ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பிரிந்து விழுவதை அந்தப் படங்கள் காட்டுவதில்லை.

மூன்று நாள் பொறுமை இல்லாதவர்களுக்கு ஐரோப்பிய வீடுகளில் வேறொரு வழி நடப்பில் இருக்கிறது. ஜெர்மானிய வீடுகளில் கொத்துக்கறியை, வெங்காயமும் ஊறவைத்த ரொட்டியும் முட்டையும் சேர்த்துக் கட்டியாகப் பிடித்து, கடையில் வாங்கிய பஃப் பேஸ்ட்ரி தாளில் சுற்றிச் சுடுகிறார்கள். சூடாகவே சாப்பிடுவதால் ஜெல்லி கிடையாது, புகைபோக்கியும் கிடையாது. இங்கே ஒரே ஒரு காரியம் முக்கியம். கறிக்கட்டியை முதலில் தனியாக வேகவைத்து, சுருங்க வேண்டியது சுருங்கி, வடிய வேண்டியது வடிந்து, முழுக்க ஆறிய பிறகே மாவில் சுற்ற வேண்டும். பச்சையாகச் சுற்றினால் அடிமாவு நனைந்து கிழியும். எச்சரிக்கைக்காரர்கள் வதக்கி நீர் வற்றிய காளானையோ, மெல்லிய முட்டை தோசை ஒன்றையோ கறிக்கும் மாவுக்கும் நடுவே விரிக்கிறார்கள். அந்தத் தோசைத் தடுப்பு ரஷ்யர்களின் மீன் பொதி குலெபியாக்காவில் பழைய பழக்கம். 200 டிகிரியில் அரை மணி நேரத்துக்குள் மாவு உப்பிச் சிவந்துவிடும். எடுத்தவுடன் அறுக்காமல் பத்து நிமிடம் விட்டுவைத்தால் துண்டு கலையாது. கடுகு விழுதைத் தொட்டுக்கொள்கிறார்கள்.