வரப்பும் பாத்தியும்: ராஜம் கிருஷ்ணன் குறித்துச் சில குறிப்புகள்

சேலையூரில் நண்பர் ஒருவர் வீட்டு மொட்டைமாடியில் மாதம் ஒருமுறை பத்துப் பன்னிரண்டு பேர் கூடுவோம். சென்றமுறை ராஜம் கிருஷ்ணனைப் பற்றிப் பேசலாம் என்றதும் இளம் தோழர் ஒருவர், 'அவங்க குடும்பக் கதை எழுதினவங்கதானே?' என்றார். மூத்தவர் ஒருவர் குறுக்கிட்டு, 'இல்லப்பா, அதெல்லாம் நாவலே இல்ல, தகவல் அறிக்கை' என்றார். இரண்டும் தீர்ப்புகள். விசாரித்ததில் இருவருமே அவரைச் சமீபத்தில் படித்திருக்கவில்லை. இத்தனைக்கும் பக்கத்துத் தாம்பரத்தில் பல ஆண்டுகள் வாழ்ந்த எழுத்தாளர் அவர். எனக்கும் குற்றவுணர்வுதான். இருபது வருஷத்துக்கு முன்னால் 'தகவல் அறிக்கை' என்ற அதே வார்த்தையை நானும் ஒரு கூட்டத்தில் உதிர்த்திருக்கிறேன்.

1925-ல் முசிறியில் பிறந்தவர். பள்ளிப்படிப்பு அதிகமில்லை, பதினைந்து வயதில் திருமணம். மின்பொறியாளரான கணவரின் வேலை மாற்றல்களோடு ஊர் ஊராகப் போனவர். இது அந்தக்கால மத்தியதரப் பிராமணப் பெண்ணின் வழக்கமான வாழ்க்கைச் சித்திரம். இதிலிருந்து 'பெண் குரல்' (1953-ல் கலைமகள் பரிசு) போன்ற நாவல்கள் வருவதில் ஆச்சரியமில்லை. ஆச்சரியம் அதற்குப் பிறகு நடப்பது. மாற்றல் உத்தரவு என்பது கணவனின் உத்தியோகத்தோடு மனைவி மூட்டை கட்டும் விஷயம். அவர் அதையே வெளியே போவதற்கான வாசலாக ஆக்கிக்கொண்டார். 'குறிஞ்சித் தேன்' (1963) நீலகிரியின் படகர் சமூகத்தைக் குறிஞ்சி பூக்கும் பன்னிரண்டாண்டுக் கணக்கை வைத்துத் தலைமுறைகளாகச் சொல்கிறது. மலைக்குள் பணமும் தேயிலையும் மின்சாரமும் நுழைகின்றன. பழைய வாழ்வு குலைகிறது. மின்பொறியாளர் வீட்டிலிருந்து இந்தக் கதை எழுதப்பட்டது என்பதை நாம் கவனிக்காமலே வாசித்துவிட்டோம். மாற்றத்தைக் கொண்டுவந்தவர்களின் வீட்டுக்குள் இருந்துகொண்டு, மாற்றத்துக்கு ஆளானவர்களை நோக்கித் திரும்பிய பார்வை அது.

பிறகு மாற்றல் தேவைப்படவில்லை, அவரே கிளம்பிப் போனார். சரணடைந்த சம்பல் கொள்ளைக்காரர்களைப் பற்றி 'முள்ளும் மலர்ந்தது', மீனவர்களைப் பற்றி 'அலைவாய்க் கரையில்', தூத்துக்குடி உப்பளத்தைப் பற்றிக் 'கரிப்பு மணிகள்' (1979), கீழத்தஞ்சை விவசாயக் கூலிகளைப் பற்றிச் 'சேற்றில் மனிதர்கள்', குழந்தை உழைப்பைப் பற்றிக் 'கூட்டுக் குஞ்சுகள்'. 1973-ல் 'வேருக்கு நீர்' நாவலுக்காகச் சாகித்ய அகாதெமி பரிசு. தமிழில் அதைப் பெற்ற முதல் பெண் அவர்தான்.

போவது, தங்குவது, கேட்பது, எழுதுவது. இந்த முறைக்கு நம் விமர்சனத்தில் மரியாதை கிடைக்கவில்லை. 'உள்ளிருந்து வரவேண்டும்' என்று அழகியல்வாதிகள் சொன்னார்கள். அந்த 'உள்' யாருடைய உள் என்று யாரும் கேட்கவில்லை. முற்போக்கு முகாமோ அவர் நாவல்களின் பிரச்சினையை மட்டும் எடுத்துக்கொண்டு பிரதியை விட்டுவிட்டது. ஆண் எழுத்தாளன் ஊர் சுற்றினால் அனுபவம் என்கிறோம். பெண் நோட்டுப்புத்தகத்தோடு போனால் தகவல் சேகரிப்பு என்கிறோம். குறைகள் இல்லையா என்றால் இருக்கின்றன. அவருடைய பாத்திரங்கள் சில இடங்களில் துண்டுப்பிரசுரம் போலப் பேசுகிறார்கள். காந்திய நல்லெண்ணம் முரண்களைச் சீக்கிரம் தடவிக்கொடுத்துவிடுகிறது. இந்தக் குறைகளை நான் மறைக்கப் போவதில்லை.

ஆனால் 1992-ல் பாமாவின் 'கருக்கு' வந்தபிறகு கேள்வியே வேறாகிவிட்டது. பேசப்பட்டவர்கள் பேசத் தொடங்கிய பின், அவர்களுக்காகப் பேசியவர்களை எங்கே வைப்பது? இது தமிழுக்கு மட்டும் உரிய சிக்கலில்லை. பிரேசிலில் ரஷேல் தெ கெய்ரோஸ் 1915-ஆம் ஆண்டு வறட்சியை வைத்து 1930-ல் தன் முதல் நாவலை வெளியிட்டார், அப்போது வயது இருபதுகூட நிறையவில்லை. 1977-ல் அந்நாட்டு இலக்கிய அகாதெமிக்குள் நுழைந்த முதல் பெண் ஆனார். அதே நாட்டில் காகிதம் பொறுக்கி விற்றுப் பிழைத்த கரோலினா மரியா தெ ஜெசுஸ் சேரியிலிருந்து எழுதிய நாட்குறிப்பு 1960-ல் வெளியாகிப் பரபரப்பாக விற்றது. அவர் 1977-ல் வறுமையில் இறந்தார். ஒருவருக்கு அகாதெமி, இன்னொருவருக்குப் பசி, இரண்டும் ஒரே வருஷத்தில். (ரஷேல் 1964 ராணுவ ஆட்சிக் கவிழ்ப்பை ஆதரித்தவர் என்பதையும் சேர்த்துத்தான் வாசிக்க வேண்டும். பரிவு அரசியலாகிவிடுவதில்லை.)

இந்தக் கேள்வியை ராஜம் கிருஷ்ணன் தனக்குள் கேட்டுக்கொண்டார் என்றே எனக்குப் படுகிறது. சாட்சி, மணலூர் மணியம்மாள் பற்றிய 'பாதையில் பதிந்த அடிகள்'. பிராமண விதவையான மணியம்மாள் தலைமுடியைக் கத்தரித்து, வேட்டியும் சட்டையும் அணிந்து, பண்ணையாட்களைத் திரட்டிப் பண்ணையார்களை எதிர்த்து நின்றவர். 1953-ல் மான் முட்டி இறந்தார். கட்சி வரலாறுகளில் அவருக்குப் பெரிய இடம் இருந்ததில்லை. ராஜம் கிருஷ்ணன் அந்த ஊர்களுக்குப் போய், அவரைப் பார்த்தவர்களின் நினைவிலிருந்து அந்த வாழ்க்கையைத் திரட்டினார். ஆவணம் இல்லாத இடத்தில் கிழவிகளின் பேச்சே ஆவணம். வாய்மொழி வரலாறு என்று பல்கலைக்கழகங்கள் பின்னாளில் பாடம் நடத்திய விஷயத்தை, பட்டம் இல்லாத ஒரு அறுபது வயதுப் பெண் பஸ் ஏறிச் செய்திருக்கிறார். ஒரு பிராமணப் பெண் தன் உடையை, உடம்பின் அடையாளத்தையே களைந்தால்தான் அந்தப் பக்கம் போய்ச் சேர முடிந்தது என்ற உண்மையை இன்னொரு பிராமணப் பெண் எழுதிக்கொண்டிருக்கிறார். எழுதுகிறவர் புடவையைக் களையவில்லை. அந்த இடைவெளி புத்தகம் நெடுக இருக்கிறது. அவருடைய எழுத்தில் எனக்கு மிக நெருக்கமானது இதுதான்.

கணவர் மறைந்த பின் கையில் ஒன்றுமில்லாமல் முதியோர் இல்லத்துக்குப் போனார். 2009-ல் தமிழக அரசு அவர் நூல்களை நாட்டுடைமையாக்கியது. உயிரோடிருக்கும்போதே அப்படி ஆவது அபூர்வம். 2014 அக்டோபர் 20 அன்று போரூரில் மருத்துவமனையில் காலமானார். இப்போது அவர் நூல்களை யாரும் அச்சிடலாம், யாரும் படிக்கலாம்.

கூட்டம் முடிந்த வாரம் எங்கள் தெருமுனையில் இஸ்திரி வண்டி வைத்திருக்கும் அக்காவிடம் 'கரிப்பு மணிகள்' நாவலை எடுத்துக்கொண்டு போனேன். தூத்துக்குடிப் பக்கம், கல்யாணத்துக்கு முன் ஆறு வருஷம் உப்பு வாரியவர். பொன்னாச்சி முதன்முதலாக அளத்தில் இறங்கும் பகுதியை வாசித்துக் காட்டினேன். பெட்டியை ஓரமாக நிறுத்திவிட்டுக் கேட்டார். கண் கூசுவதையும் காலில் புண் வைப்பதையும் தானே சொல்லத் தொடங்கினார். மழை வந்தால் மூணு மாசம் வேலை கிடையாது, கடன்தான் என்றார். (அந்த மழை மாதங்களுக்கு அரசு 5000 ரூபாய் நிவாரணம் தரத் தொடங்கியது சமீப ஆண்டுகளில்தான், நாவல் வந்து நாற்பது வருஷத்துக்கும் மேல்.)

'யாரு தம்பி எழுதினது?'

சொன்னேன். ஐயர் வீட்டு அம்மா, இங்கே தாம்பரத்தில்தான் இருந்தார், அங்கே நேரில் போய்ப் பார்த்து எழுதினார் என்றேன்.

'அந்தம்மா பாத்தியில இறங்குனாங்களா, வரப்புல நின்னு பாத்தாங்களா?'

வரப்பில்தான் நின்றிருப்பார் என்றேன். கொஞ்சநேரம் ஒன்றும் சொல்லவில்லை. 'எங்க மொதலாளி வீட்டம்மா வரப்புக்கே வந்ததில்ல' என்றார். பெட்டியை எடுத்து என் சட்டைமேல் ஓட்டிக்கொண்டே, 'அந்தப் பிள்ள அப்புறம் என்ன ஆனா, படிங்க' என்றார்.