மாவீரர் போரும் மாற்றிய பெட்டியும்

இடைக்கால ஐரோப்பாவின் கோட்டைகளும் கவசமணிந்த வீரர்களும் இன்று வீட்டுத் தொலைக்காட்சித் திரையில் உலவுகின்றனர். இத்தகைய போர் விளையாட்டுகளுள் ஒன்று 'சிவல்ரி: மெடிவல் வார்ஃபேர்'. கனடாவின் டொரண்டோ நகரிலுள்ள டார்ன் பேனர் நிறுவனம் 2012இல் இதனைக் கணினிக்கென வெளியிட்டது. 2014இல் எக்ஸ்பாக்ஸ் 360, பிளேஸ்டேஷன் 3 ஆகிய விளையாட்டுப் பெட்டிகளுக்கும் இது வந்தது.

வாள்வீச்சு, குத்து, தடுப்பு என்பனவே இதன் உயிர்நாடி. பொத்தானை ஓயாது அழுத்துபவன் களைத்து வீழ்வான். எதிரியின் வீச்சு வரும் கணத்தைக் கணித்துத் தடுப்பவனே நிலைப்பான். ஆயினும் குருதியும் உறுப்புச் சேதமும் மிகுந்த ஆட்டம் இது. அமெரிக்கத் தரமதிப்பீட்டின்படி, பதினேழு வயது நிரம்பியோர்க்கே உரியது. பெற்றோர் இதனை மறத்தல் ஆகாது.

எக்ஸ்பாக்ஸ் 360 பெட்டி 2005இல் பிறந்தது. அதன் உற்பத்தி 2016இல் நின்றது. அதற்கான இணையக் கடையும் 2024 ஜூலையில் மூடப்பட்டது. பழைய பெட்டியைக் கைவிட மனமில்லாத ஆர்வலர் சிலர் அதனை மாற்றியமைக்கின்றனர். உற்பத்தியாளரின் மின்னணுக் கையொப்பம் பெற்ற நிரலை மட்டுமே அப்பெட்டி இயக்கும். 2011இல் வெளியான ஒரு முறையில், பெட்டி விழித்தெழும் வேளையில் மிக நுண்ணிய மின்துடிப்பு ஒன்று செலுத்தப்படுகிறது. அதனால் தடுமாறும் செயலி, பொய்க் கையொப்பத்தையும் மெய்யென ஏற்கிறது. பற்றுவைப்பில் கை சற்றே பிசகினும் பெட்டி பாழாகும்.

திறந்த இக்கதவின் வழியே இருவர் நுழையலாம். ஒருவர், தாம் விலைகொடுத்து வாங்கிய ஆட்டத்தைத் தட்டு தேயாமல் வன்தட்டில் காப்பவர். மற்றவர், விலையே கொடாமல் பிறர் உழைப்பைக் கவர்பவர். 2009இல் மைக்ரோசாப்ட் நிறுவனம் மாற்றப்பட்ட பெட்டிகளைப் பெருமளவில் தன் இணையச் சேவையினின்று விலக்கியது. இந்தியாவிலும், 2012இல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டத்தின் 65அ பிரிவின்படி, உரிமையை மீறும் நோக்குடன் தொழில்நுட்பக் காப்பைத் தகர்ப்போர்க்கு ஈராண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. நோக்கத்தையே சட்டம் உற்றுப் பார்க்கிறது என்பது கருதத்தக்கது.

இங்கே ஒரு வியப்பு உண்டு. 'சிவல்ரி' ஆட்டமே ஒரு மாற்றத்தின் வழித்தோன்றல்தான். வால்வ் நிறுவனத்தின் 'ஹாஃப்-லைஃப் 2' ஆட்டத்தை ஆர்வலர்கள் மாற்றியமைத்து 2007இல் வெளியிட்ட 'ஏஜ் ஆஃப் சிவல்ரி'யே இதன் முன்னோடி. அதற்கு வேண்டிய கருவிகளை வால்வ் நிறுவனமே வழங்கியிருந்தது. உரியவர் இசைவோடு செய்த மாற்றம் ஒரு புதிய தொழிலையே ஈன்றது.

எனவே, பெட்டியைத் திறக்க விழையும் மைந்தனைக் கடிந்து விரட்டற்க. "யாருடைய பொருளை, யாருடைய இசைவோடு மாற்றுகிறாய்?" என்று அவனை வினவுக. அவ்வினாவுக்கு நேர்மையான விடை கூறப் பழகுவானாயின், பற்றுவைப்புக் கோலைப் பிடிக்கும் திறமும் அவனுக்கு நன்மையே பயக்கும்.