தீக்கு நடுவே ஒலித்த குரல்

காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் பிறந்து, ரங்கூனில் 'தன வணிகன்' பத்திரிகையை நடத்தி, டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்ற ஏ.கே. செட்டியார், 1937-இல் அட்லாண்டிக் சமுத்திரத்தில் பிரயாணம் செய்துகொண்டிருக்கையில், காந்தியடிகளின் வாழ்க்கையை டாக்குமெண்டரிப் படமாக்குவதென்று சங்கற்பம் செய்துகொண்டார். தேசம் தேசமாக அலைந்து அவர் திரட்டிய படச்சுருள் ஏறக்குறைய 50,000 அடி; தமிழ் விளக்கவுரையோடு 1940-இல் படம் வெளிவந்தது.

அதே 1940-இல், ஜெர்மன் விமானங்களின் குண்டுவீச்சால் இரவெல்லாம் பற்றியெரிந்த லண்டன் மாநகரில், தீயணைப்புப் படையினர் உயிரைத் திரணமாக மதித்துப் போராடியதைக் காட்டும் டாக்குமெண்டரிப் படமொன்றின் காட்சிகளுக்கு, அமெரிக்க நிருபரான குவென்டின் ரெனால்ட்ஸ், ஆரவாரம் சிறிதுமின்றி, அருகிலிருப்பவரிடம் பேசுவதுபோல் தாழ்ந்த தொனியில் விளக்கம் கூறினார். நிருபர் தொழிலிலிருந்து வந்த அவருக்கு, காட்சி தானே பேசும் இடத்தில் உரைப்பவன் அடங்கியிருக்க வேண்டும் என்ற சூட்சுமம் தெரிந்திருந்தது; வர்ணனையாளருக்கு இதைவிட உயர்ந்த இலட்சணம் இல்லை என்பேன்.

1953-இல் செட்டியாரின் படம் ஹாலிவுட்டில் ஆங்கில வடிவம் பெற்றபோது, அஹிம்சையின் சரித்திரத்தை உரைக்க வாய்த்தவரும் அந்த ரெனால்ட்ஸே!

இத்தகைய பழம்படங்கள் நமக்கு நிலைத்திருக்க வேண்டுமானால், அவற்றின் சுருள்களைப் பேணவேண்டும். அக்காலத்து நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றக்கூடியது; நாட்பட்டால் நைந்தும் போகும். செட்டிநாட்டு வீடுகளின் பழம்பெட்டிகளில் அத்தகைய சுருள் ஏதேனும் இருந்தால், அன்பர்கள் காலதாமதமின்றி அதைத் தக்க ஆவணக் காப்பகத்தில் ஒப்படைக்கும்படி வேண்டுகிறேன்.