இடிக்குமுன் கேட்டல்

தன் நிலத்தில் தன் பொருளைச் செலவிட்டு வீடு எழுப்புவோனுக்கு ஊரின் ஒப்புதல் எதற்கு என்று சிலர் வினவுவர். சுவர் அவனுடையதாயினும், காற்றும் ஒளியும் மழைநீர் செல்லும் வழியும் அயலார்க்கும் உரியவை. ஆதலின், மணவூர் போன்ற சிற்றூராயினும் சென்னை போன்ற மாநகராயினும், முறைப்படி அனுமதி பெற்ற பின்னரே கடைகால் தோண்டுதல் வேண்டும்.

விதி மீறிக் கட்டியதை உள்ளாட்சியினர் உடனே இடித்துவிடலாமா? இவ்வினா இலண்டன் மாநகரில் 1863-ஆம் ஆண்டில் எழுந்தது. கூப்பர் என்பவர் உரிய அறிவிப்புத் தராமல் வீடு கட்டினார் என்று கூறி, வாண்ட்ஸ்வொர்த் வட்டார வாரியத்தார் அவர் விளக்கத்தைக் கேளாமலே அதனை இடித்தனர். இடிக்கும் அதிகாரம் சட்டத்தில் இருந்தது. எனினும், உரியவரைக் கேளாமல் அதனைச் செலுத்தியது தவறு என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆதாமைத் தண்டிக்குமுன் இறைவனும் அவன் மறுமொழியைக் கேட்டான் என்பதை நீதிபதி பைல்சு எடுத்துக்காட்டினார்.

இந்திய உச்ச நீதிமன்றமும் 2024 நவம்பர் 13-இல் இந்நெறியை வலியுறுத்திற்று. இடிக்குமுன் 15 நாள் அறிவிப்புத் தருதல் வேண்டும். உரியவரை நேரில் அழைத்துக் கேட்டல் வேண்டும். சாலை, நீர்நிலை முதலிய பொது இடங்களை வளைத்துக் கட்டியோர்க்கு இப்பாதுகாப்பு இல்லை.

விதியை மதிப்பது குடிகளின் கடமை. விதி மீறியோனின் சொல்லையும் கேட்டு முடிவு செய்வது ஆள்வோரின் கடமையாகும்.